ஐயமற மெய்ப்பித்தல் : மேன்முறையீட்டு வரலாற்றில் ஓர் ஆய்வு

குற்ற வழக்கில் சான்று ஐயமற அமைதல் வேண்டும் என்பது இன்று நீதிமன்றந்தோறும் வழங்கும் நெறியாகும். இது மேலைநாட்டினின்று வந்த நெறி எனக் கூறி அமைவார் பலர். அதன் சட்டச் சொல்லமைப்பு ஆங்கிருந்து வந்தது உண்மையே. ஆயினும் அதனுள் நிற்கும் வினா தமிழிலக்கியத்திற்குப் புதியதன்று. குற்றம் நிகழ்ந்தது என்பது வேறு. அதனை இவன் செய்தான் என்பது வேறு. முன்னது தெளிவாகிய வழியும் பின்னது ஐயத்திற்கு இடமாகலாம். இவ்வேறுபாட்டை மேன்முறையீடு எங்ஙனம் காத்து வந்தது என்பதை ஈண்டு யாம் ஆராய்வாம்.

தொல்காப்பியர் கிளவியாக்கத்தில், ஐயுற்ற பொருளைக் கூறும் முறையும் துணிந்த பொருளைக் கூறும் முறையும் தனித்தனியே வகுத்தார். தொலைவில் தோன்றுவது மரக்குற்றியோ மகனோ என ஐயுறுதல் உரையாசிரியர் காட்டும் எடுத்துக்காட்டாகும். ஐயுற்றதைத் துணிந்ததுபோற் கூறுதல் மொழியிலேயே வழுவாயின், உயிரைக் கொள்ளும் தீர்ப்பில் அஃது எத்துணைப் பெருவழு ஆகும்!

சிலப்பதிகாரம் அப்பெருவழுவின் காப்பியமாகும். பாண்டிமாதேவியின் சிலம்பு களவு போனது மெய். அதனை ஒத்த சிலம்பு கோவலன் கையில் இருந்ததும் மெய். ஆயின் அவனே கள்வன் என்பதற்குப் பொற்கொல்லன் சொல்லன்றி வேறு சான்று இல்லை; அவனோ அச்சிலம்பைத் தானே கவர்ந்தவன். வழக்குரை காதையில் கண்ணகி நிகழ்த்துவது, ஒருவகையில், மேன்முறையீடே. அரசியின் சிலம்பிலிருந்தது முத்து. கண்ணகியின் சிலம்பிலிருந்தது மாணிக்கம். பொருட்சான்று ஒன்றே பொய்ச்சான்றை வீழ்த்தியது. ஆயினும் தண்டம் முன்னரே நிறைவேறிவிட்டமையின் உண்மை வெளிப்பட்டும் உயிர் மீளவில்லை.

இனிச் சட்ட வரலாற்றை நோக்குவாம். 1872-ஆம் ஆண்டின் இந்தியச் சான்றுச் சட்டத்தில் 'நியாயமான ஐயம்' என்னும் தொடர் மெய்ப்பித்தலின் இலக்கணத்தில் இடம்பெறவில்லை. முன்மதியுடைய ஒருவன் நம்பிச் செயற்படும் அளவே ஆங்குக் கூறப்பட்டது. குற்ற வழக்கிற்குரிய உயர்ந்த அளவை நீதிமன்றங்களே வழக்காற்றில் நிலைநாட்டின. 1935-இல் இங்கிலாந்தின் பிரபுக்கள் அவை, உல்மிங்டன் வழக்கில், குற்றத்தை மெய்ப்பிக்கும் சுமை வழக்குத் தொடுப்பவரையே சாரும் என அறுதியிட்டது. 2024 சூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய சாட்சிய அதினியமும் பழைய இலக்கணத்தையே மேற்கொண்டுள்ளது.

இந்நெறி தமிழகத்தில் பலரறியச் சோதனைக்கு உள்ளானது இலட்சுமிகாந்தன் கொலைவழக்கில் எனலாம். 1944 நவம்பரில் சென்னை வேப்பேரியில் அவ்விதழாளர் கத்தியால் குத்தப்பட்டு மறுநாள் இறந்தார். சதியில் பங்குகொண்டனர் எனத் தியாகராச பாகவதரும் என். எஸ். கிருஷ்ணனும் 1945-இல் வாழ்நாள் தண்டனை பெற்றனர். உயர் நீதிமன்றம் அவர்தம் முறையீட்டைத் தள்ளியது. பிரிவி கவுன்சில் அதனை மீண்டும் கேட்குமாறு திருப்பியனுப்ப, 1947-இல் இருவரும் விடுதலையாயினர். குத்து நிகழ்ந்ததில் எவர்க்கும் ஐயமில்லை. ஐயம் இவர்தம் பங்கு பற்றியதே.

சென்னையினின்று வானகரம் கடந்து மேற்கே செல்லும் பெருஞ்சாலையில் உள்ளது பூவிருந்தவல்லி. அச்சாலையிலேயே மேலும் சென்றால் திருப்பெரும்புதூர். 1991 மே 21 அன்று ஆங்கு இராசீவ் காந்தியும் பிறரும் குண்டுவெடிப்பில் கொல்லப்பட்டனர். பூவிருந்தவல்லித் தனி நீதிமன்றம் 1998 சனவரி 28 அன்று, தன்முன் நின்ற 26 பேருக்கும் தூக்குத்தண்டனை விதித்தது. தடாச் சட்டத்தின்படி, காவல் கண்காணிப்பாளர் முன் அளித்த ஒப்புதல் மொழியும் சான்றாயிற்று. 1872-ஆம் ஆண்டுச் சட்டமோ காவலரிடம் அளித்த ஒப்புதலை ஏலாதது. மேன்முறையீடும் உயர் நீதிமன்றம் செல்லாது நேரே உச்ச நீதிமன்றம் சென்றது.

1999 மே 11 அன்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஒப்புதல் மொழிகளைச் சான்றாக ஏற்றுக்கொண்ட அம்மன்றம், ஒவ்வொருவர் பங்கையும் தனித்தனியே நிறுத்துப் பார்த்தது. கொலைச்சதியில் உடன்பட்டமை ஒன்று. சதியாளரோடு பழகியதும், நிகழ்ந்த பின்னர்ப் புகலிடம் தந்ததும் வேறு. இவ்வேறுபாட்டால் 19 பேர் கொலைக் குற்றச்சாட்டினின்று நீங்கினர். அவருட் சிலர்க்குரிய சிறு குற்றங்களின் தண்டனைக் காலம் சிறையிலேயே கழிந்திருந்தது. எஞ்சிய எழுவர்மீது குற்றம் உறுதியாயிற்று: நால்வர்க்குத் தூக்கு, மூவர்க்கு வாழ்நாட் சிறை. பின்னர்த் தூக்குத்தண்டனைகள் குறைக்கப்பட்டு, எழுவரும் 2022-இல் வெளிவந்தனர். எனினும் அவ்விடுதலை குற்றத் தீர்ப்பை நீக்கியதன்று என்பதை வேறுபடுத்தி உணர்தல் வேண்டும்.

ஐயத்தின் பயனைக் குற்றஞ் சாட்டப்பட்டவர்க்கு அளித்தால் கொடியோர் தப்புவர் என்பாரும் உளர். பூவிருந்தவல்லி வழக்கு அதற்கு விடையாகும். ஆங்கு ஐயம் எல்லாரையும் விடுவிக்கவில்லை. மெய்ப்பிக்கப்பட்டாரையும் மெய்ப்பிக்கப்படாதாரையும் பிரித்துக் காட்டியது. குற்றத்தின் கொடுமை பெரிதாகுந்தோறும், அருகில் நின்றாரையெல்லாம் ஒருங்கே குற்றவாளியாகக் கொள்ளும் மனப்போக்கும் பெரிதாகிறது. மேன்முறையீடு தடுப்பது அதனையே. ஆகவே ஐயத்தின் பயன் அருளால் ஈயும் கொடையன்று; சான்றின் அளவையே ஆம். கோவலனுக்குக் கிட்டாத அவ்வளவை அப்பத்தொன்பதின்மர்க்குத் தண்டம் நிறைவேறுமுன் கிட்டியது என்பதே இவ்வாய்வால் யாம் பெற்ற முடிபாகும்.