கிருபாபாய் சத்தியநாதன்: வாழ்க்கைக்குள் மறைந்த நாவலாசிரியர்

ஆங்கிலத்தில் எழுதிய பெண் நாவலாசிரியர்கள் என்றதும் ஜேன் ஆஸ்டினும் பிரான்டி சகோதரிகளுமே நம் நினைவுக்கு வருகின்றனர். சென்னையில் வாழ்ந்து எழுதிய கிருபாபாய் சத்தியநாதனை (1862–1894) நினைப்போர் சிலரே.

அகமதுநகரில், கிறித்தவம் தழுவிய மராத்தியப் பிராமணக் குடும்பத்தில் பிறந்தவர் அவர். 1878இல் சென்னை மருத்துவக் கல்லூரியில் சேர்ந்தார். உடல்நலக் குறைவால் படிப்பு ஓராண்டில் நின்றது. அவருடைய 'சகுணா' 1887–88இல் சென்னைக் கிறித்தவக் கல்லூரி இதழில் தொடராக வந்தது. 'கமலா' 1894இல் நூலாயிற்று. இரண்டும் 1896இல் தமிழாக்கம் பெற்றன.

1998இல் மறுபதிப்பு வந்தபின் ஆய்வாளர் பலர் 'சகுணா'வைத் தன்வரலாறாகவே பயின்றனர். அதில் உண்மை உண்டு. ஆனால் 'கமலா' அந்த அளவுகோலுக்குள் அடங்காது. கமலா இந்துப் பெண்; சிறுமியாக மணமாகி விதவையாகிறவள். அன்புள்ள ஒருவன் மணக்க முன்வந்தும் அவள் இசையவில்லை. அறப்பணியில் வாழ்நாளைக் கழிக்கிறாள். 1881இல் ராஜமகேந்திரவரத்தில் வீரேசலிங்கம் விதவை மறுமணம் நடத்திவைத்த காலம் அது. எனினும் சீர்திருத்தத்துக்கு உவப்பான முடிவைக் கிருபாபாய் தரவில்லை. விரும்பும் மனத்தையே வழிவழி வந்த நம்பிக்கை வென்றுவிடுவதை எழுதினார். தாம் வாழாத வாழ்வை உள்ளிருந்து கண்டெழுதிய இவ்விடத்திலேதான் அவர் நாவலாசிரியர்.

காரியாபட்டி வட்டாரத்தில் நம்மிடம் பயிலும் மாணவியர் கதை எழுதினாலும் முதலில் எழும் கேள்வி, "சொந்தக் கதையா?" என்பதே. ஆணின் எழுத்தில் கற்பனையையும் பெண்ணின் எழுத்தில் வாக்குமூலத்தையும் தேடும் திறனாய்வை நாம் கைவிட வேண்டும். அதற்குக் 'கமலா' நல்ல தொடக்கம்.