முதுசொம் அன்று ஆட்சி: மொரிசியசுத் தீவின் தேர்தல் வரலாறு

ஆட்சிப் பீடம் எவர்க்கும் முதுசொம் அன்று. குடிகள் இரவலாகக் கொடுத்ததைத் தவணை முடிவில் திருப்பிக் கேட்பதே தேர்தலாகும். இவ்வுண்மையை இந்து சமுத்திரத்தின் மேற்கே கிடக்கும் மொரிசியசு என்னும் சிறு தீவின் வரலாறு நன்கு விளக்குகின்றது.

சுமார் 2,000 சதுர கிலோமீற்றர் பரப்புடைய அந்நாட்டு மக்களிற் பெரும்பாலோர், 1834 ஆம் ஆண்டு முதலாகக் கரும்புத் தோட்டங்களுக்கு ஒப்பந்தக் கூலிகளாகக் கொண்டுசெல்லப்பட்ட இந்தியரின் வழித்தோன்றல்கள். அவருள் தமிழரும் அடங்குவர். தைப்பூசம் அங்கே பொது விடுமுறை நாள். நாணயத் தாள்களிலே தமிழெழுத்தும் உண்டு. ஆபிரிக்க, ஐரோப்பிய, சீன வழியினரும் அங்கு வாழ்கின்றனர்.

தேர்தல் முறையைச் சிறிது நோக்குவோம். பிரதான தீவிலே 20 தொகுதிகள். தொகுதிக்கு மூன்று அங்கத்தவர். வாக்காளர்க்கும் மூன்று வாக்குகள். ரொட்றிகசுத் தீவுக்கு இரு அங்கத்தவர். வாக்காளர் பலரும் ஒரே அணியின் மூவருக்கும் வாக்களிப்பதனால், காற்று ஒரு பக்கம் வீசினால் மறுபக்கத்தில் ஒருவரும் மிஞ்சார். ஆகவே, சிறுபான்மையோர் அச்சம் நீங்குமாறு, தோற்ற அபேட்சகருட் சிலருக்கு எட்டு ஆசனங்கள் வரை வழங்க அரசியலமைப்பு இடமளிக்கின்றது.

1967 ஆம் ஆண்டுத் தேர்தலில் நூற்றுக்கு 44 வீதமான வாக்குகள் சுதந்திரத்தை எதிர்த்த கட்சிக்கே கிடைத்தன. எனினும் தொழிற் கட்சித் தலைவர் சர் சிவசாகர் ராம்கூலம் வென்று, 1968 மார்ச்சு 12 இல் நாட்டைச் சுதந்திரமடையச் செய்தார். பின்னர் 1971 இல் அவசரகாலச் சட்டம் வந்தது. எதிரணித் தலைவர் சிலர் காவலில் வைக்கப்பட்டனர். அடுத்த பொதுத் தேர்தலுக்கு மக்கள் 1976 வரை காத்திருக்க நேர்ந்தது. 1982 யூன் மாதத்தில் அவர் மீண்டும் ஆணை கேட்டபோது, பிரதான தீவின் 60 ஆசனங்களையும் எதிரணி கைப்பற்றியது. சுதந்திரத்தின் தந்தையெனப் போற்றப்பட்டவர் தமது சொந்தத் தொகுதியிலேயே தோற்றார்.

அன்று வென்று பிரதம மந்திரியானவர் அனெரூட் ஜக்நாத். அவர் 1995 இல் கீழைத்தேய மொழிகளை ஆரம்பப் பாடசாலைப் பரீட்சையின் தரவரிசையிற் சேர்க்க விழைந்தார். அதற்கான அரசியலமைப்புத் திருத்தம் தோற்கவே, பாராளுமன்றத்தைக் கலைத்து மக்களிடம் சென்றார். மறுபடியும் 60 ஆசனங்களும் எதிரணிக்கே. ஜக்நாத்தும் தம் தொகுதியை இழந்தார். அவரிடத்தைப் பெற்றவர் சிவசாகரின் மகன் நவீன் ராம்கூலம். அவரும் 2014 இல் பிரதம மந்திரியாயிருந்தே போட்டியிட்டு, தந்தை தோற்ற அதே தொகுதியில் தோற்றார். 2024 நவம்பரில் ஜக்நாத்தின் மகன் பிரவிந்த் ஆட்சியிலிருந்தார். தொலைபேசி உரையாடல்கள் பல வெளிப்பட்டபோது அவரது அரசாங்கம் சமூக ஊடகங்களைத் தடைசெய்து, ஓரிரு நாளில் அத்தடையை விலக்கிக்கொண்டது. அவருக்கும் 60 இல் ஒன்றேனும் கிட்டவில்லை; நவீன் மீண்டும் பதவியேற்றார்.

இவ்வரலாற்றில் நாம் கருதற்பாலன இரண்டு. முதலாவது, தோற்றவர் எவரும் படையைத் துணைக்கழைத்திலர், பீடத்தை விட்டிறங்கினர். அவர்க்கும் நாடு கதவடைக்கவில்லை. சிவசாகர் 1983 இல் மகாதேசாதிபதியானார். அனெரூட் 2000 இல் வாக்குப் பெற்றே மீண்டார். வென்றவர் பழிவாங்கார் என்னும் நம்பிக்கை இருக்குமிடத்திலேயே தோற்றவர் அமைதியாக விலகுவர்.

இரண்டாவது, குறையும் உண்டு. 1982 இலும் 2024 இலும் ஆளுங்கட்சி அணிக்கு ஏறக்குறைய நாலிலொரு பங்கு வாக்குகள் கிடைத்தும், அவ்வாக்குகளால் நேரே ஓர் ஆசனமும் வெல்ல முடியவில்லை. மேலதிக ஆசனங்கள் இல்லையேல் அவர்தம் குரல் சபையில் ஒலித்திராது. அன்றியும், சுதந்திரம் முதல் 2024 வரை இரு குடும்பத்தாரல்லாத பிரதம மந்திரி, 2003 முதல் 2005 வரை ஆண்ட போல் பெரெஞ்சே ஒருவரே. ஆட்சி முதுசொம் அன்று என்று ஐயமறக் காட்டிய வாக்காளரே, அதனை இரு வீடுகளுக்குள் மாறிமாறிக் கொடுத்தும் வந்துள்ளனர்.

இளைஞர்காள்! ஆள்வோரை இறக்கும் வல்லமை மாத்திரம் போதாது. அவ்விடத்திற்குப் புதியோரை ஆக்கித் தருதலும், தோற்றோர்க்குச் சபையில் இடங்கொடுத்தலும் நம்மனோர் கடனாகும்.