கித்தான் போய் தார்ப்பாய் வந்த கதை

போன வாரம் களத்துல மக்காச்சோளம் காயப் போட்டிருந்தோம். மேகம் கறுத்ததும் மூடலாம்னு தார்ப்பாயை இழுத்தேன். மடிப்போட கிழிஞ்சு கையோட வந்துடுச்சு. வாங்கி ரெண்டு வருஷம்தான் ஆச்சு.

1905-ல் திருச்சி ரயில்வே ஊழியர் சாமிக்கண்ணு வின்சென்ட், ஒரு பிரெஞ்சுக்காரரிடம் படம் காட்டும் கருவியை வாங்கி, ஊர் ஊராக டென்ட் அடித்துப் படம் காட்டக் கிளம்பினார். அந்தக் காலத்து டென்ட்டுக்குக் கித்தான்தான், அதாவது கெட்டியான பருத்தித் துணி. நனைஞ்சா நூல் உப்பி இழைச் சந்தை அடைச்சுக்கும். மழை சுலபமா இறங்காது. அதுக்கு எமன் ஈரம். ஈரத்தோட மடிச்சு வெச்சா பூஞ்சை பிடிச்சு இத்துப்போகும். அதனால காயவைக்காம மடிக்கக் கூடாது.

கித்தான்ல தார் பூசினதுதான் தார்ப்பாய். இப்போ பேரு மட்டும்தான் மிச்சம். நாம வாங்குறது பெரும்பாலும் பாலித்தீன். 1933-ல் இங்கிலாந்தில் கண்டுபிடிச்சது. பூஞ்சை இதை அண்டாது. இதுக்கு எமன் வெயில். புற ஊதாக் கதிர் பட்டுப் பட்டு உள்ளே இருக்கிற நீளமான சங்கிலி மூலக்கூறுகள் அறுந்து போகும். முதல்ல நிறம் வெளுக்கும், அப்புறம் மொடமொடன்னு ஆகும், கடைசியில மடிப்புல உடையும். திண்டுக்கல் சீமை வெயிலுக்குச் சொல்லணுமா?

இத்துப்போன கித்தான் மண்ணோட மண்ணாச்சு. நொறுங்கின தார்ப்பாய் நீலத் துணுக்கா எங்க கீரனூர்க் காட்டுல கிடக்கு. உழ உழ மேல வருது. புதுசு வாங்கியாச்சு. இந்தத் தடவை வேலை முடிஞ்சதும் மடிச்சு நிழல்ல வெச்சிருக்கேன்.