காந்தியைத் தேடிச் சேர்த்த தமிழர்

படம் என்றதும் நமக்குப் பாட்டும் சண்டையும் நினைவுக்கு வரும். நடந்ததை நடந்தபடியே காட்டும் படமும் உண்டு. அதை விவரணப்படம் என்கிறோம். தோட்டத்துத் திடலில் வெள்ளைத் துணி கட்டித் தகவல் இலாகா வண்டி காட்டிய படங்களைக் கெடாவின் பெரியவர்கள் மறந்திருக்க மாட்டார்கள். அத்துறையில் முன்னோடியான ஒரு தமிழரை இன்று அறிவோம்.

அவர் ஏ. கே. செட்டியார். 1911-இல் செட்டிநாட்டுக் கோட்டையூரில் பிறந்தவர். ரங்கூனில் ‘தனவணிகன்’ பத்திரிகையின் ஆசிரியராக இருந்தார். பின்னர் தோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக் கலை பயின்றார். 1937 அக்டோபர் 2, காந்தியடிகளின் பிறந்த நாள். அன்று அவர் நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குக் கப்பலில் போய்க்கொண்டிருந்தார். அப்போதுதான் காந்தியின் வாழ்வைப் படமாக்கும் எண்ணம் உதித்தது.

எண்ணுவது எளிது, செய்வது? பலர் பல நாடுகளில் எடுத்த படத்துண்டுகள் எங்கெங்கோ சிதறிக் கிடந்தன. அவற்றைத் தேடி ஐரோப்பா, தென்னாப்பிரிக்கா, அமெரிக்கா என்று ஏறத்தாழ ஒரு லட்சம் மைல் அலைந்தார். மங்கில் பால் சேர்வதுபோலச் சொட்டுச் சொட்டாக 50,000 அடிச் சுருள் சேர்ந்தது. அதைத் தொகுத்து, தமிழ் விளக்கத்துடன் 1940-இல் சென்னையில் வெளியிட்டார்.

அது போர்க்காலம், ஆண்டவர்கள் ஆங்கிலேயர். 1942-இல் ‘வெள்ளையனே வெளியேறு’ இயக்கம் எழுந்து, அடக்குமுறையும் வலுத்தது. காந்தி படத்தைக் கையில் வைத்திருப்பதே ஆபத்து. சுருள்களை ஒளித்து வைக்க வேண்டியதாயிற்று. 1947-இல் விடுதலை வந்தபோதுதான் டில்லியில் அது மீண்டும் திரைக்கு வந்தது.

அதே 1947-இல் நம் கெடாவில் நடந்தது என்ன? பீடோங் வட்டாரத்தில் தொண்டர் படையினர் கள்ளுக்கடை மறியல் செய்தார்கள். காவல்துறையுடன் மோதல் மூண்டு உயிர்ச்சேதமும் நேர்ந்தது. குடியால் குடும்பம் சிதைவதைக் கண்டு பொறுக்காத தொழிலாளர்கள் நடத்திய போராட்டம் அது. அதையெல்லாம் தேடித் தொகுக்க நமக்கொரு செட்டியார் வாய்க்கவில்லை.

1953-இல் அப்படத்தின் ஆங்கிலச் சுருக்கம் அமெரிக்காவில் உருவாயிற்று. ஆனால், தமிழில் வந்த முழுப் படம் நம் கைக்கு எட்டவில்லை. ‘குமரி மலர்’ இதழில் பழைய எழுத்துகளையும் தேடிப் பதிப்பித்த செட்டியார் 1983-இல் மறைந்தார்.

லட்சம் மைல் அலைந்து சேர்த்ததற்கே இந்தக் கதி என்றால், எவரும் சேர்க்காத நம் கதை என்னவாகும்? பல தோட்டங்களில் இன்று லயங்களே இல்லை; பிள்ளைகள் சுங்கை பட்டாணிக்கும் கூலிமுக்கும் குடிபெயர்ந்துவிட்டார்கள். ஆகவே, தகரப் பெட்டியில் கிடக்கும் பழைய படங்களை எடுப்போம். அதில் நிற்பவர் யார், எந்தத் தோட்டம், எந்த ஆண்டு என்று தாத்தா பாட்டியிடம் கேட்டு, பின்புறம் எழுதி வைப்போம். சொல்ல அவர்கள் இருக்கும்போதே கேட்போம்.