துணைப்பெருமீன்: ஒளிர்வு வகை வாழ்க்கைக் கட்டமான வரலாறு

விண்மீன்களின் வாழ்க்கை பற்றிய பாடநூல்களில் ஒரு வாசிப்பு கேள்வியின்றிக் கைமாறி வருகிறது. ஷோன்பர்க்கும் சந்திரசேகரும் 1942இல் ஓர் எல்லையை வகுத்தார்கள். அதைத் தாண்டும் விண்மீன் துணைப்பெருமீன் ஆகிறது என்பது அதன் சாரம். எனக்கு இதில் உடன்பாடில்லை.

பெயர் எல்லைக்கு முந்தியது. மவுண்ட் வில்சன் ஆய்வகத்தின் குஸ்தாவ் ஸ்ட்ரோம்பெர்க் 1930இல் ஜி வகையிலும் கே வகையின் முற்பகுதியிலும் சார்பிலா ஒளியளவு +2.5க்கும் +4க்கும் இடைப்பட்ட விண்மீன்களை இப்பெயரால் குறித்தார். சூரியனுக்கு அது சுமார் +4.8; எண் குறையக் குறையப் பொலிவு கூடும். சூரியனைவிடப் பொலிவு, பெருமீனைவிட மங்கல்: அளவுகோல் ஒளிர்வு மட்டுமே. 1943இல் மார்கன், கீனன், கெல்மன் மூவரும் வெளியிட்ட நிறமாலைப் படத்தொகுப்பில் இவை நான்காம் ஒளிர்வு வகையாயின.

இனி 1942ஆம் ஆண்டுக் கட்டுரைக்கு வருவோம். அதன் தலைப்பு பேசுவது மையத்தில் ஹைட்ரஜனை எரிக்கும் முதன்மை வரிசை விண்மீன்களை. ஹைட்ரஜன் தீர்ந்த மையம் சமவெப்ப உள்ளகமாக மாறும். மொத்த நிறையில் ஏறத்தாழ 10 விழுக்காட்டுக்கு மேல் அப்படி எரிந்து தீர முடியாது என்று அது நிறுவுகிறது. முந்தைய ஆண்டு ஹென்ரிச்சுடன் சந்திரசேகர் கணக்கிட்டபோது இந்த வரம்பு சுமார் 35 விழுக்காடாக இருந்தது. உள்ளகத்திலுள்ள ஹீலியம், அதைச் சூழ்ந்த வெளி உறையைவிடக் கனமான துகள்களால் ஆனது என்பதைக் கணக்கில் சேர்த்ததும் வரம்பு இவ்வளவு சுருங்கியது. கட்டுரைச் சுருக்கத்தின் கடைசி வாக்கியம்தான் என் கவனத்தை இழுத்தது. அந்த எல்லைக்கு அப்பால் என்ன எதிர்பார்க்கலாம் என்பது பற்றிச் சில குறிப்புகளும் உண்டு என்பதோடு அது நின்றுவிடுகிறது. துணைப்பெருமீன் என்ற வகைப்பெயர் சுருக்கத்தில் எங்கும் இல்லை. மார்கனும் சந்திரசேகரும் அப்போது யெர்க்ஸ் ஆய்வகத்தில் உடன் பணியாற்றியவர்கள், ஆண்டுகளும் அடுத்தடுத்தவை. முடிச்சுப் போட ஆசை வரத்தான் செய்யும். ஆனால் அண்மை ஆதாரமாகாது.

இயற்பியலும் பாடநூலுக்குத் துணைநிற்கவில்லை. சூரியனைப் போல இரண்டு முதல் ஆறு மடங்கு நிறையுள்ள விண்மீன் எல்லையைத் தாண்டியதும் உள்ளகம் விரைந்து சுருங்குகிறது. வெப்பநிலைக்கு எதிராக ஒளிர்வைக் குறிக்கும் வரைபடத்தில், முதன்மை வரிசைக்கும் பெருமீன்களுக்கும் இடைப்பட்ட பகுதியை அது மிகக் குறுகிய காலத்தில் கடந்துவிடுகிறது. எனவே அங்கே விண்மீன்கள் அரிதாகவே சிக்குகின்றன. எல்லை விளக்குவது ஹெர்ட்ஸ்ப்ரங் இடைவெளி எனப்படும் இந்த வெறுமையைத்தான். சூரியனை ஒத்த நிறையுள்ளவற்றில் எலக்ட்ரான்களின் சிதைநிலை அழுத்தம் உள்ளகத்தைத் தாங்கிக்கொள்வதால் அவை நிதானமாக நகர்கின்றன. 1955இல் ஜான்சனும் சாண்டேஜும் ஆராய்ந்த எம்67 கொத்து நல்ல சான்று: சுமார் 400 கோடி ஆண்டு வயதான அதில் துணைப்பெருமீன் கிளை ஆளரவமற்ற வெளியாக இல்லை, முதன்மை வரிசையிலிருந்து பெருமீன்கள்வரை விண்மீன்கள் தொடர்கின்றன.

அப்படியானால் ஒளிர்வு வகை எப்போது வாழ்க்கைக் கட்டமானது? உள்ளகம் சுருங்கும்போது விண்மீன் பெருமீனை நோக்கி விரிவதைச் சாண்டேஜும் ஷ்வார்ட்ஸ்சைல்டும் 1952இல் கணித்துக் காட்டினர். சிதைநிலை உள்ளகத்தைச் சேர்த்து ஹாயிலும் ஷ்வார்ட்ஸ்சைல்டும் 1955இல் கணக்கைத் திருத்தினர். ஒரே ஆண்டைச் சொல்லியே ஆகவேண்டும் என்றால் 1952ஐச் சொல்வேன், தயக்கத்தோடு. தயக்கத்துக்குக் காரணம் அல்கோல் என்ற இரட்டை விண்மீன். அந்த இரட்டையில் சூரியனைவிட நிறை குறைந்த துணை துணைப்பெருமீனாக முதிர்ந்துவிட்டது. மூன்று மடங்குக்கு மேல் நிறையுள்ள முதன்மை விண்மீன் இன்னும் முதன்மை வரிசையிலேயே இருக்கிறது. நிறை மிகுந்தது முதலில் மூப்படைய வேண்டும் என்ற விதிக்கு இது நேர்மாறு. துணை ஒருகாலத்தில் அதிக நிறையோடு இருந்து, அதைத் தன் கூட்டாளியிடம் இழந்தது என்ற விளக்கத்தைக் கிராஃபோர்ட் முன்வைத்தது 1955இல்தான். அதுவரை இத்தகைய இரட்டைகளின் துணைப்பெருமீன்களைத் தனி விண்மீன்களின் வயது வரிசையில் வைக்க வழியில்லை. ஆகவே 1952 பாதி வகைக்கே பொருந்தும்.