போலி என்னும் சொல்லும் கையடக்க விளையாட்டுப் பொறியும்

பல்லாங்குழி ஆடுவதற்குப் பலகை வேண்டும் என்பது கட்டாயமன்று. பலகை இல்லாத இடத்தில் மண்ணில் இரு வரிசையாக, வரிசைக்கு ஏழு குழி தோண்டிப் புளியங்கொட்டையோ சோழியோ இட்டு ஆடினாலும் அது பல்லாங்குழியே. மலாய்க்காரர் ஆடும் சொங்காக் என்னும் ஆட்டமும் இதற்கு உறவுடையது. இரு முனையிலும் சேமிப்புக்கென ஒவ்வொரு பெருங்குழி கூடுதலாக அமைந்திருப்பது அதன் வேறுபாடு. பலகை மரத்தால் ஆனது. ஆட்டம் விதிகளால் ஆனது. பலகை உளுத்துப் போனாலும் விதி நினைவில் இருக்குமட்டும் ஆட்டம் அழிவதில்லை.

மின்னணு விளையாட்டின் நிலை வேறு. அதன் விதிகள் ஒரு சில்லினுள் எண்களாக அடைபட்டிருக்கின்றன. அந்த எண்களைப் படிக்கும் பொறி ஒன்றே ஒன்றுதான். அப்பொறியின் உற்பத்தி நின்றால் ஆட்டமும் ஊமையாகிறது. இவ்விடர்க்கு அறிஞர் கண்ட மாற்றே எமுலேட்டர் எனப்படும் மென்பொருள்.

கையடக்க விளையாட்டுப் பொறியின் வரலாறு நெடியதன்று. சில்லு மாற்றி ஆடத்தக்க முதற்பொறி, அமெரிக்காவின் மில்டன் பிராட்லி நிறுவனம் 1979ஆம் ஆண்டில் வெளியிட்ட மைக்ரோவிஷன். மறு ஆண்டு ஜப்பானிய நிண்டெண்டோ நிறுவனம் கேம் அண்ட் வாட்ச் என்னும் சிறு கருவியைக் கொணர்ந்தது. அதனை வடித்தவர் குன்பெய் யோகோய். அதிவேக ரயிலில் பயணி ஒருவர் பொழுது போகாமல் கணக்குப் பொறியின் பொத்தான்களை அழுத்திக்கொண்டிருந்ததைக் கண்டபோது அவருக்கு இவ்வெண்ணம் உதித்தது என்பர். 1989 ஏப்ரல் 21ஆம் நாள் ஜப்பானில் கேம் பாய் வெளிவந்தது. யோகோயின் குழுவினர் ஆக்கிய அப்பொறியில் வண்ணம் இல்லை. திரைக்குப் பின்னால் விளக்கும் இல்லை. குறுக்கே 160, நெடுக்கே 144 புள்ளிகள், நான்கே சாயல்கள், எட்டுக் கிலோபைட் நினைவகம், நான்கு சிறு மின்கலங்கள். வண்ணத்திரை கொண்ட போட்டிப் பொறிகள் மின்கலங்களை விரைவில் தின்று தீர்த்தன. இதுவோ பல மணிநேரம் உழைத்தது. நன்கு பழகி விலை மலிந்த நுட்பத்தைப் புதுவழியிற் பயன்படுத்துவதே யோகோயின் கொள்கை. கேம் பாயும் அதன் வண்ண வடிவமும் சேர்ந்து உலகெங்கும் 11 கோடிக்கு மேல் விற்றன. 1997இல் சாலை விபத்தொன்றில் அவர் மறைந்தார்.

கிள்ளான் பள்ளத்தாக்கிலோ, பல வீடுகளுக்கு முதலில் வந்தவை இத்தகைய மூலப்பொறிகள் அல்ல. தொண்ணூறுகளில் இரவுச் சந்தைகளில் மலிவாகக் கிடைத்தது, செங்கல் அடுக்கும் ஆட்டத்தைக் கொண்ட பிரிக் கேம் என்னும் சிறு கருவி. மாஸ்கோவில் 1984ஆம் ஆண்டு அலெக்சி பஜித்னோவ் ஆக்கிய டெட்ரிஸ் ஆட்டத்தின் சாயல் அது. அட்டையில் 9999 விளையாட்டு என்றிருக்கும். உள்ளே இருப்பன ஒரு சிலவே. வேகத்தையும் கட்டத்தையும் மாற்றி எண்ணிக்கையைப் பெருக்கிய அக்கணக்கைச் சிறுவர் ஒரே மாலையில் கண்டுபிடித்துவிடுவர்! தொலைக்காட்சியோடு இணைக்கும் மைக்ரோ ஜீனியஸ் என்னும் தைவான் நாட்டுப் பொறியும் அக்காலத்தில் மிகப் பரவியது. அது நிண்டெண்டோவின் பேமிகாம் பொறியைப் பார்த்துச் செய்தது. 1999இல் புக்கிட் பிந்தாங்கில் லோ யாட் பிளாசா திறக்கப்பட்டபின் கணினிப் பொருள் வாங்குவோர் அங்கே திரண்டனர். கள்ளத் தட்டு வாணிகம் ஓங்கியதால் அரசு 2000ஆம் ஆண்டில் ஒளித்தட்டுச் சட்டத்தை இயற்றியது. இவ்வரலாற்றை அறிந்த பெற்றோர் எமுலேட்டர் என்ற சொல்லைக் கேட்டவுடன் போலிப்பொருள் என்று எண்ணுவதில் வியப்பில்லை.

போலி என்ற சொல்லைத் தமிழாசிரியர் இரு பொருளில் அறிவர். உலக வழக்கில் அது பொய்ப்பொருளைக் குறிக்கும். இலக்கண வழக்கில் அவ்வாறன்று. அறம் என்பது அறன் எனவும், மயல் என்பது மையல் எனவும், பந்தல் என்பது பந்தர் எனவும் வருவது போலி. ஓர் எழுத்து நின்ற இடத்தில் மற்றோர் எழுத்து நிற்கிறது, பொருள் மாறவில்லை. மைக்ரோ ஜீனியஸ் உலக வழக்கின் போலி. எமுலேட்டரோ இலக்கணப் போலி. கேம் பாயின் செயலி ஒரு நொடிக்கு ஏறக்குறைய 42 இலட்சம் துடிப்பில் இயங்கியது. இன்றைய கைப்பேசி அச்செயலியின் ஒவ்வொரு கட்டளையையும் படித்து, தன் கட்டளையாக மாற்றி, அதே வரிசையில் அதே விளைவைத் தருகிறது. விளையாட்டுக்குத் தான் வேறொரு பொறியில் நிற்பதே தெரியாது.

இக்கருத்து விளையாட்டுக்காகப் பிறந்ததன்று. ஒரு பொதுப்பொறி, தக்க விவரணை தரப்பட்டால் வேறெந்தப் பொறியின் வேலையையும் செய்யும் என்று ஆங்கிலக் கணித அறிஞர் ஆலன் டூரிங் 1936ஆம் ஆண்டு எழுதிய கட்டுரையில் நிறுவினார். 1964இல் ஐ.பி.எம். நிறுவனம் சிஸ்டம் 360 என்னும் புதுக் கணினி வரிசையை அறிவித்தபோது, பழைய 1401 கணினிக்கு எழுதிய நிரல்களை வாடிக்கையாளர் கைவிட மறுப்பர் என்பதை உணர்ந்து, புதிய பொறிக்குள் பழையதன் நடத்தையை அமைத்துக் கொடுத்தது. எமுலேட்டர் என்ற சொல் கணினித் துறையில் இடம்பெற்றது அப்போதுதான். கணக்குப் பேரேடுகளைக் காக்கப் பிறந்த உத்தி பின்னாளில் சிறுவர் விளையாட்டைக் காக்க வந்தது.

சோனி நிறுவனத்தின் பி.எஸ்.பி. பொறி 2004 டிசம்பரில் ஜப்பானில் வெளிவந்தது. 480க்கு 272 புள்ளித் திரையும், 1.8 கிகாபைட் கொள்ளும் சிறு ஒளித்தட்டும் கொண்டது. அதற்கு ஹென்ரிக் ரைட்கார்ட் என்பவர் தொடங்கிய பி.பி.எஸ்.எஸ்.பி.பி. என்னும் எமுலேட்டர் 2012இல் வெளியாயிற்று. அதன் நிரல் எவரும் படித்துத் திருத்தத்தக்கதாகப் பொதுவில் வைக்கப்பட்டுள்ளது. ஆப்பிள் நிறுவனம் தன் கைப்பேசிக் கடையில் விளையாட்டு எமுலேட்டர்களை ஏற்றது 2024இல். கிள்ளானிலிருந்து பிரிக்பீல்ட்ஸ் வழியே செல்லும் கம்யூட்டர் ரயிலில் இன்று ஒரு மாணவன் இருபதாண்டுப் பழைய ஆட்டத்தை ஆட முடிகிறது. ரயிலில் பிறந்த எண்ணம் ரயிலுக்கே திரும்பியது எனலாம்.

எமுலேட்டரை நிறுவுவது எளிது. விளையாட்டுகளைப் பேணுவதே வேலை. இவ்வேலையைப் புரிந்துகொள்ள ஏட்டுச்சுவடி வரலாறு பெரிதும் உதவும். பனையோலை என்றும் நிலைப்பதன்று. பழைய ஏடு செல்லரிக்குமுன் புதிய ஏட்டில் படியெடுத்தவர்களாலேயே நூல்கள் பிழைத்தன. உ. வே. சாமிநாதையர் 1887இல் சீவகசிந்தாமணியைப் பதிப்பித்தபோது ஒரே ஏட்டை நம்பாது பல ஏடுகளைத் தேடி ஒப்புநோக்கியதும் தமிழாசிரியர் அறிந்ததே. விளையாட்டிலும் முதற்படி படியெடுத்தல். கேம் பாயின் சில்லிலிருந்து எண்கள் ஒரு கோப்பாக எடுக்கப்படுகின்றன; அது ரோம் எனப்படும். பி.எஸ்.பி. தட்டிலிருந்து எடுப்பது ஐ.எஸ்.ஓ. எனப்படும். இடம் மிச்சமாகும்படி அதனைச் சுருக்கிச் சி.எஸ்.ஓ. ஆக்குவதும் உண்டு. படி பிழையற்றதா என்று அறிய, கோப்பின் பைட்டுகள் அனைத்தையும் கணக்கிட்டு எட்டு எழுத்துள்ள சரிபார்ப்பெண் ஒன்று பெறப்படுகிறது. கோப்பில் ஒரு பிட் மாறினாலும் அவ்வெண் மாறிவிடும். நோ இன்ட்ரோ, ரீடம்ப் என்னும் ஆர்வலர் குழுக்கள் சில்லுகளுக்கும் தட்டுகளுக்கும் இவ்வெண்களைப் பட்டியலிட்டு வைத்துள்ளன. சுவடி ஒப்புநோக்கலின் இற்றைநாள் வடிவம் இதுவே. சிதைந்த இடத்தை ஊகித்து நிரப்பும் உரிமை மட்டும் இங்கே இல்லை.

பேணுதலில் மிகுதியான இழப்பு நேர்வது சேமிப்புக் கோப்புகளில். கேம் பாய்ச் சில்லுகள் பலவற்றில் ஆடுவோர் எட்டிய நிலையைக் காத்தது காசளவு மின்கலம் ஒன்று. பதினைந்து இருபது ஆண்டில் அது வற்றும். வற்றினால் ஆட்டம் இருக்கும். ஆடியவர் அடைந்தது அழிந்துவிடும். ஆதலின் படியெடுப்போர் ஆட்டத்தோடு சேமிப்பையும் தனியே எடுத்து வைத்தல் வேண்டும். பி.எஸ்.பி. எமுலேட்டர், மூலப்பொறியின் நினைவட்டையில் இருந்தவாறே பி.எஸ்.பி. என்னும் அடைவும் அதனுள் சேவ்டேட்டா என்னும் அடைவும் வைத்திருக்கிறது. இவ்வொற்றுமையால் பழைய அட்டையிலுள்ள சேமிப்பை அப்படியே மாற்றிக்கொள்ளலாம். சேமிப்பு அடைவின் பெயர் தட்டின் குறியெண்ணில் தொடங்கும். ஒரே ஆட்டத்தின் அமெரிக்கப் பதிப்புக்கு யு.எல்.யு.எஸ்., ஐரோப்பியப் பதிப்புக்கு யு.எல்.இ.எஸ். என்பன போன்ற குறிகள் வேறுபடும். மலேசியக் கடைகளில் பல நாட்டுப் பதிப்புகள் கலந்து விற்றமையால், ஒரு பதிப்பில் சேமித்தது மற்றொன்றில் காணப்படாமல் பலர் திகைத்ததுண்டு. எமுலேட்டர் தானே எடுக்கும் நிலைப்படம் வேறு. விளையாட்டு எழுதும் சேமிப்பு வேறு. நிலைப்படம் அந்த எமுலேட்டரின் உள்ளமைப்பையே சார்ந்தது. புதிய பதிப்பு வந்தால் திறவாமற் போகலாம். அதனை மட்டும் நம்பியிருப்பது ஆற்றுமணலில் எழுதி வைப்பதற்கு ஒப்பாகும்.

சட்டம் எங்கே நிற்கிறது? எமுலேட்டர் செய்வது குற்றமா என்ற வழக்கு அமெரிக்காவில் சோனிக்கும் கனெக்டிக்ஸ் நிறுவனத்துக்கும் நடந்தது. ஆராயும்பொருட்டு இடையில் படியெடுத்தது முறையான பயன்பாடே என 2000ஆம் ஆண்டு மேல்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பிறர் ஆட்டத்தைப் பரப்புவதும் காப்புப்பூட்டை உடைப்பதும் வேறு கதை. 2024இல் யூசு என்னும் எமுலேட்டரை ஆக்கியோர் நிண்டெண்டோவுக்கு 24 இலட்சம் டாலர் கொடுத்து வழக்கை முடித்து, அதனைக் கைவிட்டனர். மலேசியாவின் 1987ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டம் கணினி நிரலை இலக்கியப் படைப்புள் ஒன்றாக எண்ணுகிறது. டெட்ரிசின் நிரலும் புதினமும் சட்டத்தின் கண்ணில் ஒரே வரிசை. தமிழாசிரியருக்கு இது நகைப்பூட்டலாம். ஆயினும் இலக்கியம் என்றபின், காத்தல் கடமையும் உடன் வருகிறதல்லவா?

அக்கடமையை வாணிகம் ஏற்கவில்லை. அமெரிக்காவில் வெளியான பழைய விளையாட்டுகளில் நூற்றுக்கு 87 இன்று விலைக்குக் கிடைப்பதில்லை என்று அந்நாட்டு விளையாட்டு வரலாற்று அறக்கட்டளை 2023இல் அறிவித்தது. கேம் பாய்க் குடும்பத்திலோ கிடைப்பன நூற்றுக்கு ஆறுகூட இல்லை. அதே ஆண்டு மார்ச் 27ஆம் நாள் நிண்டெண்டோ தன் 3டிஎஸ் பொறிக்கான இணையக்கடையில் விற்பனையை நிறுத்தியது. காசு கொடுத்து வாங்க விரும்புவோர்க்கும் வழி அடைபட்டது. இந்நிலையில் படியெடுப்போர் அனைவரையும் கள்வர் என்று ஒரே சொல்லில் ஒதுக்குவது வரலாற்றுக்குச் செய்யும் தீங்கு.

இவ்விடர் தமிழுக்கும் அயலானதன்று. கோலாலம்பூரில் முத்து நெடுமாறன் 1985 முதல் உருவாக்கிய முரசு மென்பொருளும், பிறவிடத்து ஆர்வலர் செய்த எழுத்துருக்களும் தமிழைக் கணினியில் ஏற்றின. எல்லார்க்கும் பொதுவான யூனிக்கோடு பரவுமுன் எழுத்துருவுக்கு எழுத்துரு எண்முறை வேறுபட்டது. ஒன்றில் அகரமாக நின்ற எண் மற்றொன்றில் வேறெழுத்தாகத் தோன்றும். 2001ஆம் ஆண்டு கோலாலம்பூரில் கூடிய தமிழ் இணைய மாநாட்டுக் காலத்திலும் இப்பன்முறை ஓயவில்லை. அந்நாளில் தட்டச்சிட்ட வினாத்தாள்களும் கட்டுரைகளும் பள்ளிப் பேழைகளில் நெகிழ்தட்டுகளாகக் கிடக்கின்றன. அவற்றைத் திறக்கப் பழைய மென்பொருள் வேண்டும். அது இயங்கப் பழைய கணினி வேண்டும். பழைய டாஸ் கணினியைப் போலச் செய்யும் டாஸ்பாக்ஸ் 2002இல் வெளிவந்தது. அதனை ஆக்கியோர் எண்ணியது விளையாட்டுகளைத்தான். அந்நாள் டாஸ் நிரல்களில் எழுதிய தமிழைப் படிப்பதற்கும் அதுவே வாயில். நெகிழ்தட்டின் காந்தப் பூச்சோ ஆண்டுக்காண்டு நலிந்து வருகிறது.