'பாசிப்ளி'ன்னா எத்தனை சதவீதம்?

ஐடி மீட்டிங்ல நான் அதிகம் கேட்கிற சொல் 'பாசிப்ளி'. சொல்றவர் மனசுல 20 சதவீதம் இருக்கும். கேட்கிறவர் 80-னு எடுத்துப்பார். போர் வருமா வராதான்னு கணிக்கிற இடத்துலயே இந்தக் குழப்பம் நடந்திருக்கு.

1948-ல் யூகோஸ்லாவியாவின் டிட்டோவுக்கும் ஸ்டாலினுக்கும் உறவு முறிந்தது. சோவியத் அணி அங்கே படையெடுக்குமா? 1951-ல் சிஐஏ எழுதிய மதிப்பீடு, அந்த வருஷமே தாக்குதல் நடக்க 'சீரியஸ் பாசிபிலிட்டி' இருக்குன்னு சொன்னது. அப்படின்னா என்னன்னு ஒரு வெளியுறவுத் துறை அதிகாரி கேட்டார். மதிப்பீட்டுக் குழுவில் இருந்த ஷெர்மன் கென்ட், நடக்க 65, நடக்காம இருக்க 35-னு சொன்னார். அதிகாரிக்கு அதிர்ச்சி. அவங்க ரொம்பக் குறைவா நினைச்சிருந்தாங்க.

கென்ட் தன் குழுவையே கேட்டுப் பார்த்தார். ஒருத்தர் 20-ங்கிறார், இன்னொருத்தர் 80-ங்கிறார். எல்லாரும் ஒத்துக்கிட்டு எழுதின வாக்கியம் அது!

படையெடுப்பு நடக்கவில்லை. ஆனா யேல் பல்கலைக்கழகத்தில் வரலாறு கற்பித்த கென்ட் இதை விடல. சொற்களுக்கு எண் கொடுத்தார். 1964-ல் கட்டுரையாவே எழுதினார். அதில் 'ப்ராபபிள்'னா 75 சதவீதம், கூடக்குறைய 12. 'பாசிபிள்'-க்கு மட்டும் எண் கிடையாது. நடக்கலாம், ஆனா எவ்வளவுன்னு கணிக்க முடியாதுங்கிற இடத்துக்குத்தான் அது.

அதனால, கையில ஒரு கணக்கு இருந்தா அந்த எண்ணையே சொல்லிடுங்க.